அலறல் இருந்த இடத்தில் என் பியானோ

போர்ப் படங்களில் குண்டு வெடித்த பிறகு பியானோ வரும். நீங்களும் கவனித்திருப்பீர்கள். மண் மேலே எழும்பும், ஆட்கள் மெதுவாகச் சரிவார்கள், எல்லாச் சத்தமும் அறுந்துபோகும். பிறகு எங்கிருந்தோ ஒரு பியானோ சொட்டுச் சொட்டாக விழும். பார்ப்பவர்கள் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். அப்படி ஒரு படத்தில் வருகிற பியானோ நான் வாசித்தது. அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு உடம்பு எரிகிறது.

நான் பெங்களூர் அல்சூர்க்காரி. அப்பா ராணுவப் பட்டறையில் வண்டிகளுக்குப் பெயின்ட் அடிக்கும் வேலையில் இருந்தார். அம்மா கன்டோன்மென்டில் இருந்த ஒரு கான்வென்ட் பள்ளியில் ஆயா. பள்ளி விட்ட பிறகு அம்மா ஹாலைப் பெருக்கி முடிக்கும்வரை அங்கே மூலையில் இருந்த பியானோவை நான் தட்டிக்கொண்டிருப்பேன். இசை சொல்லிக்கொடுத்த சிஸ்டர் ஒருநாள் அதைப் பார்த்துவிட்டு, திட்டாமல், பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். அப்படித்தான் தொடங்கியது. இப்போது ஐம்பதை நெருங்குகிறேன். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பெங்களூரின் அடுக்குமாடிக் குடியிருப்புகளுக்குப் போய்ப் பிள்ளைகளுக்குப் பியானோ சொல்லிக்கொடுப்பது என் வேலை. வெஸ்டர்ன் கிளாசிக்கல் என்றதும், "நீங்க கிறிஸ்டியனா?" என்று முதல் கேள்வி வரும். இல்லை. என் பியானோவுக்கு மேலே மாரியம்மன் படம் மாட்டியிருக்கிறது.

எனக்கு ஒரே தம்பி. பி.யு.சி. முடித்த கையோடு ராணுவத்தில் சேர்ந்தான். கண்ணிவெடிகளைத் தேடி எடுக்கும் பிரிவு. வடக்கே மலைப்பக்கம் ஒரு சரிவில் வேலை செய்துகொண்டிருந்தபோது ஒரு வெடி வெடித்தது. வலது காது அன்றோடு போயிற்று. இடது காது கேட்கும்; ஆனால் அதற்குள் ஒரு விசில் இன்றுவரை ஓயாமல் அடித்துக்கொண்டிருக்கிறது. காலை இழுத்துத்தான் நடப்பான். ஊர் திரும்பி, கொஞ்ச காலம் சுவரைப் பார்த்துக்கொண்டு கிடந்து, பிறகு தானே எழுந்து வேலை தேடிக்கொண்டான். இப்போது ஹெப்பகோடியில் ஒரு தொழிற்சாலையில் செக்யூரிட்டி சூப்பர்வைசர். மனைவியோடு அங்கேயே குடியிருக்கிறான்.

அன்றைக்கு நடந்ததைப் பற்றி அவன் என்னிடம் ஒரே ஒரு தடவைதான் பேசியிருக்கிறான். அவனுடைய நெருங்கிய சிநேகிதன், தர்மபுரிப் பக்கத்துப் பையன், வெடித்த இடத்துக்கு இன்னும் கிட்டத்தில் இருந்திருக்கிறான்.

"ரொம்ப நேரம் கூப்ட்டுக்கினே இருந்தான்க்கா," என்றான் தம்பி. "எம் பேரச் சொல்லித்தான் கூப்ட்டான். தரையெல்லாம் இன்னும் மைன் இருந்திச்சு, யாரையும் நகர விடல. அப்பறம் அவனே நிறுத்திட்டான்."

சொல்லிவிட்டு டீயைக் குடித்து முடித்தான்.

அந்தப் படத்துக்கு வாசிக்க என்னைக் கூப்பிட்டவர் அதன் இசையமைப்பாளர். திருப்பூர்ப் பையன், ஐ.டி. வேலையை விட்டுவிட்டுப் பாட்டுக்கு வந்தவர். கோரமங்களாவில் ஸ்டுடியோ. மரியாதையாகப் பேசினார், நல்ல காபி கொடுத்தார்.

"ஆர்மி படம் மேடம். நாலு லாங்குவேஜ்ல வருது. ஒரு சோல்ஜர் டென்ட்ல உக்காந்து வீட்ட நெனச்சுப் பாக்கறான். அந்த இடத்துக்கு சாஃப்ட்டா ஒரு பழைய பீஸ் வேணும்."

அவர் தேர்ந்தெடுத்து வைத்திருந்த பீஸ் எனக்கு முப்பது வருஷமாகத் தெரிந்தது. எழுதியவர் எப்போதோ இறந்துவிட்டார். உரிமை கேட்டு எவரும் வர மாட்டார்கள். முதல் பக்கம் அவ்வளவு மென்மையாக இருக்கும். வலது கை ஒரு மெட்டை ஆரம்பித்து, தயங்கி, மறுபடி ஆரம்பிக்கும். ஆனால் அந்த பீஸ் அதோடு நிற்காது. நடுவில் திடீரென்று இடது கை கீழேயிருந்து இடிக்கத் தொடங்கும். இரண்டு கைகளும் ஒன்றையொன்று துரத்தும். பியானோவே ஆடும். வாசித்து முடிக்கும்போது எனக்கு முதுகெல்லாம் வேர்த்திருக்கும். அதற்குப் பிறகு அந்த மென்மையான மெட்டு திரும்ப வரும்போது அது பழைய மெட்டாக இருக்காது. அடிபட்டு வந்ததாக இருக்கும்.

நான் முழுவதையும் வாசித்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து அவருடைய குரல் ஹெட்ஃபோனில் வந்தது.

"சூப்பர் மேடம். ஃபர்ஸ்ட் பேஜ் மட்டும் போதும்."

"நடுப்பகுதிதான் இதுக்கு உயிரே," என்றேன்.

"அது ரொம்ப வயலன்டா இருக்கு மேடம்."

போர்ப் படத்துக்கு வயலன்டா இருக்கிறதாம். எனக்குச் சிரிப்பு வந்தது, சிரித்தேன். படத்தைத் திரையில் ஓடவிட்டால் அதற்கேற்ப வாசிக்கலாமே என்று கேட்டேன். எடிட்டிங் முடியவில்லை என்றார். "இன்னும் கொஞ்சம் மெதுவா, மேடம்," என்று திரும்பத் திரும்பச் சொன்னார். ஒவ்வொரு தடவையும் மெதுவாக்கினேன். கடைசியில் ஒரு சுரத்துக்கும் அடுத்த சுரத்துக்கும் நடுவே ஆள் எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வரலாம் போல இருந்தது. அதுதான் அவருக்குப் பிடித்திருந்தது.

படம் வெளியாவதற்கு முன்னால் வேலை செய்தவர்களுக்கென்று ஒரு காட்சி போட்டார்கள். ஒயிட்ஃபீல்டில் ஒரு மாலில், மத்தியானக் காட்சி. தம்பியையும் அவன் மனைவியையும் கூட்டிக்கொண்டு போனேன். அவனுக்கு ராணுவப் படம் என்றால் பயமெல்லாம் கிடையாது. "யூனிஃபார்ம ஒழுங்கா போட்டிருக்கானுங்களான்னு பாக்கலாம் வா," என்பான். தம்பி மனைவிக்கோ என் பெயர் திரையில் வருவதைப் பார்க்க ஆசை. பட்டுப்புடவை கட்டிக்கொண்டு வந்திருந்தாள்.

இடைவேளைவரை பியானோ வரவில்லை. டென்ட் காட்சி வந்தது. அதில் யாரோ புல்லாங்குழல் வாசித்தார்கள். என்னுடையதை வெட்டிவிட்டார்கள் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். ஒரு பெரிய பாப்கார்னை மூவரும் பங்கு போட்டுக்கொண்டோம்.

இடைவேளைக்குப் பிறகு அந்தச் சரிவு வந்தது. சிப்பாய்கள் வரிசையாகக் கீழே இறங்கினார்கள். திரும்பித் தம்பியைப் பார்ப்பதற்குள் வெடித்துவிட்டது. நாற்காலிகள் அதிர்ந்தன. அடுத்த நொடி சுத்தமாகச் சத்தமே இல்லை. திரையில் மண் மழை மாதிரி மெல்லப் பெய்தது. பிறகு முதல் சுரம் விழுந்தது. என் விரல்.

ஒரு பையன் தரையில் கிடந்தான். இருபது இருபத்தொரு வயது முகம். வாயை முழுக்கத் திறந்து கத்தினான். கழுத்து நரம்பு புடைத்திருந்தது. கத்துகிறான், கத்துகிறான், ஒரு சத்தமும் இல்லை. அவன் வாயிலிருந்து என் பியானோ வந்துகொண்டிருந்தது. தங்க நிறத்தில் வெயில், பறக்கிற தூசி, மெதுவாக மூடுகிற ஒரு கை. எல்லாம் அவ்வளவு அழகாக இருந்தது. கல்யாண வீடியோ எடுப்பவர்கள் எடுத்தது மாதிரி இருந்தது. சுற்றிலும் மூக்கை உறிஞ்சும் ஓசை கேட்டது. முன் வரிசையில் ஒரு பெண் கணவன் தோளில் சாய்ந்துகொண்டாள். அந்தக் கையின் மேல் மெதுவாக, இன்னும் மெதுவாக, நான் வாசித்துக்கொண்டே இருந்தேன்.

தம்பி அசையாமல் பார்த்துக்கொண்டிருந்தான். முகத்தில் எதுவும் தெரியவில்லை.

படம் முடிந்து வெளியே வந்ததும் இசையமைப்பாளர் இரண்டு கைகளையும் நீட்டிக்கொண்டு ஓடிவந்தார். "மேடம்! பாத்தீங்களா? அந்த சீன்ல அழாத ஆளே இல்ல!"

"டென்ட்டுன்னு சொன்னீங்களே?"

"டைரக்டர் மாத்திட்டாரு மேடம். இங்க போட்டதும் சீன் எங்கயோ போயிடுச்சு."

"அந்தப் பையன் கத்தறானே, அந்தச் சத்தம் எங்க?"

அவர் புரியாமல் பார்த்தார். "அதுக்குத்தான மேடம் மியூசிக்."

"நான் கேக்கறது அவன் சத்தம்."

"அது இருந்துச்சு. நடிச்ச பையன் நிஜமாவே அப்படிக் கத்தினான், ஸ்பாட்லயே ரெக்கார்ட் பண்ணினோம். எடிட்டிங்ல கேட்டப்ப யாராலயும் உக்கார முடியல. வெளியாளுங்களுக்குப் போட்டுக் காட்டினப்பவும் எழுந்து போயிட்டாங்க. அதான் மியூட் பண்ணிட்டு உங்க பீஸ வெச்சோம். இன்னிக்குப் பாருங்க, ஒருத்தர் எழுந்து போகல."

"போகட்டுமே. அதப் பாத்தா எழுந்து போகத்தானே தோணணும்?"

"மேடம், டிக்கெட் வாங்கிட்டு வர்றாங்க," என்றார் அவர், குழந்தைக்குச் சொல்வது மாதிரி.

ஒரு பையனின் அலறலை எடுத்துவிட்டு அந்த ஓட்டையை அடைக்க என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். நானும் போய், காபி குடித்துவிட்டு, அளவெடுத்தது மாதிரி அடைத்துக் கொடுத்திருக்கிறேன். அவரைத் திட்ட வாயைத் திறந்தேன். அதற்குள் பின்னாலிருந்து தம்பி மனைவியின் குரல் கேட்டது. படத்துக்கு விளம்பர வேலை பார்க்கிற பெண் ஒருத்தியிடம் அவள் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். "இவரும் மிலிட்டரிதாங்க. இதே மாதிரி மைன்லதான் அடிபட்டாரு. கூட இருந்த ஃப்ரெண்டு கூட..."

அந்தப் பெண்ணின் கண் விரிந்ததை நான் பார்த்தேன். "ரியல் ஹீரோ!" என்று கத்தினாள். ஆட்கள் கூடிவிட்டார்கள். தம்பியின் இரண்டு பக்கமும் நின்று செல்ஃபி எடுத்தார்கள். படம் வெளியான பிறகு ஒரு பாராட்டு விழா இருக்கிறது, அதில் அக்கா பியானோ வாசிக்க வேண்டும், தம்பி மெடல்களோடு மேடையில் நிற்க வேண்டும் என்று அங்கேயே முடிவு செய்துவிட்டார்கள். அதைக் கேட்டு இசையமைப்பாளர் கண் கலங்கினார். நிஜமாகவே கலங்கினார்.

"நாங்க வரல," என்றேன்.

"பாக்கலாம்க்கா," என்றான் தம்பி.

வீட்டுக்குத் திரும்புகிற வழியில், மெட்ரோவில் தம்பி மனைவி, "அண்ணி, உங்க பேரு எவ்ளோ பெருசா வந்திச்சு பாத்தீங்களா?" என்றாள். பாவம், அவள் மேல் எனக்குக் கோபமில்லை. ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஹெப்பகோடிக்குப் போனேன். அவனைப் போக விடக் கூடாது என்பதுதான் எண்ணம். மட்டன் குழம்பு வைத்திருந்தார்கள். சாப்பிட்டு முடித்து, அவன் மனைவி பாத்திரங்களை எடுத்துக்கொண்டு உள்ளே போனதும், இடது காதுப் பக்கமாக நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டேன்.

"அந்த விழாவுக்கு நீ போகக் கூடாதுடா."

"ஏன்?"

"ஏன்னு கேக்கறியா? உன்ன அங்க நிக்க வெச்சு அழ வெக்கப் போறாங்க. அந்த சீன் உனக்கு எப்படி இருந்திச்சு? என்னால மூச்சு விட முடியல. அவன் கத்தறத எடுத்துட்டு எம் பியானோவ வெச்சிருக்கானுங்கடா!"

அவன் பல் குத்திக்கொண்டே வெளியே பார்த்தான். தெருவில் யாரோ தண்ணீர்க் கேன் இறக்கிக்கொண்டிருந்தார்கள்.

"எனக்குப் புடிச்சிருந்திச்சுக்கா," என்றான்.

"என்னது?"

"வெடிச்சதும் எனக்குத் தெரியும், இப்பக் கூப்பிடுவான்னு. கண்ண மூடிக்கலாம்னு பாத்தேன். அவன் வாயத் தொறந்தான். ஆனா சத்தம் வரல. நீ வாசிச்சதுதான் வந்திச்சு. இத்தன வருசத்துல அந்த இடத்த நான் அவன் கூப்பிடாம பாத்தது அன்னிக்குத்தான்."

அவன் பொய் சொல்கிறவன் இல்லை. என்னைச் சமாதானப்படுத்தவும் சொல்லவில்லை. சந்தோஷப்பட வேண்டும் என்று எனக்குத் தெரிந்தது. என் தம்பிக்கு என் விரல்களால் கொஞ்ச நேரம் நிம்மதி கிடைத்திருக்கிறது. ஆனால் கோபம்தான் பொங்கியது, முன்னைவிட மோசமாக. இவனுக்குக் கிடைத்த அதே நிம்மதியை அல்லவா அந்தத் தியேட்டரில் எல்லோருக்கும் பாப்கார்னோடு கொடுத்திருக்கிறார்கள்? இவன் வருஷக்கணக்காகக் கேட்டுவிட்டான். அவர்கள் ஒரு நிமிஷம்கூடக் கேட்டதில்லையே.

"உனக்கு அந்தச் சத்தம் வேணாம்னு சொல்ல உரிமை இருக்குடா," என்றேன். "அவங்களுக்கு இல்ல."

"அவங்க கேட்டா மட்டும் அவன் வந்துடுவானா?"

"வர மாட்டான். ஆனா அடுத்தவன அனுப்பறதுக்கு முன்னாடி யோசிப்பாங்க."

"நீ ஒருத்தி," என்று சிரித்தான். "நீ வராட்டி விடு. நான் போறேன். அவன் அம்மா இன்னும் தர்மபுரில இருக்காங்க. டிவில வந்தா பாப்பாங்க. யாராச்சும் அவனப் பத்திப் பேசினாத் தேவலன்னு போன்ல சொல்லுவாங்க."

தட்டில் மிச்சமிருந்த வாழைப்பழத்தைப் பையில் வைத்துக் கொடுத்தான். வாங்கிக்கொண்டு பஸ் ஏறினேன்.

விழாவுக்கு நானும் போனேன். அவனைத் தனியாக அவர்களிடம் விட முடியாது என்பது ஒன்று. முழு பீஸையும் வாசித்துவிடுவது என்று முடிவு செய்திருந்தேன், அது இன்னொன்று. வாரம் முழுவதும் நடுப்பகுதியைப் பழகினேன். கீழ்வீட்டுக்காரர் வந்து, "மேடம், சொல்ப சவுண்ட் கம்மி மாடி," என்று சத்தத்தைக் குறைக்கச் சொல்லிக் கெஞ்சிவிட்டுப் போனார்.

ஒரு ஹோட்டல் ஹாலில் விழா. மேடையில் பளபளவென்று வெள்ளை நிறத்தில் பெரிய பியானோ. ஆசையாகக் கிட்டே போய் மூடியைத் தூக்கிப் பார்த்தேன். உள்ளே ஒரு தந்தி இல்லை. பலகையில் செய்த வெறும் பெட்டி. அதற்குள் ஓர் எலெக்ட்ரானிக் கீபோர்டைச் செருகியிருந்தார்கள். விளம்பரப் பெண் என் காதில், "சார் எமோஷனல் ஆகறப்ப நீங்க ஸ்டார்ட் பண்ணிடுங்க மேடம்," என்றாள். என் தம்பி எப்போது அழுவான் என்பது நிகழ்ச்சி நிரலில் இருந்தது.

அவனை மேடைக்கு அழைத்தார்கள். சால்வை போட்டார்கள், பழக்கூடை கொடுத்தார்கள், தலையில் மைசூர்ப் பேட்டா என்கிற தலைப்பாகையை வைத்தார்கள். அது பெரிதாக இருந்ததால் அவனுடைய ஒரே நல்ல காதின் மேல் இறங்கி மூடிக்கொண்டது. தொகுப்பாளினி அந்த நொடியில் என்ன தோன்றியது என்று கன்னடத்தில் கேட்டாள். அவன் பேட்டாவைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, "ஏனு?" என்றான், என்ன என்று. சபை சிரித்தது. அவள் மறுபடி கேட்டாள்.

"சினிமா சென்னாகிதே," என்றான். படம் நன்றாக இருக்கிறது. "என் ஃப்ரெண்டு ஒருத்தன் இருந்தான். நல்லா ஃபுட்பால் ஆடுவான். அவனப் பத்திச் சொல்லணும்..."

அவளுக்கு ஃபுட்பால் தேவைப்படவில்லை. கையைத் தூக்கி அவனை நிறுத்தினாள். அந்த நண்பர் சாகும்போது கடைசியாக என்ன சொன்னார் என்று கேட்டாள். முகத்தை வாட்டமாக வைத்துக்கொண்டு, குரலைத் தாழ்த்தி, மைக்கை அவன் வாய்க்குக் கீழே கொண்டுபோய் நீட்டினாள்.

தம்பி வாயைத் திறந்தான். ஒன்றும் வரவில்லை. பழக்கூடையின் பிளாஸ்டிக் தாள் அவன் கையில் படபடவென்று நடுங்கியது. ஹால் முழுக்க ஃபோன்கள் உயர்ந்தன. விளம்பரப் பெண் ஓரத்திலிருந்து எனக்குக் கையைக் காட்டினாள்: இப்போது, இப்போது.

ஆரம்பித்தேன். முதல் பக்கத்தை அல்ல. நேராக நடுப்பகுதியில் இறங்கினேன், இடது கை முழுப் பலத்தோடு. அந்தப் பெட்டி குலுங்கியது. ஸ்பீக்கர்களிலிருந்து இடி மாதிரி வந்ததும் தொகுப்பாளினி மைக்கை இழுத்துக்கொண்டு பின்னால் நகர்ந்தாள். உட்கார்ந்திருந்தவர்கள் திரும்பினார்கள். நான் யாரையும் பார்க்கவில்லை. அந்த நடுங்குகிற தாளின் சத்தம் மட்டும்தான் என் காதில் இருந்தது. வாழ்க்கையில் அதை அப்படி வாசித்ததில்லை.

எட்டுப் பத்து வரிதான் வாசித்திருப்பேன். சட்டென்று சத்தம் நின்றது. என் கை நிற்கவில்லை, சத்தம் நின்றது. ஒயரைப் பிடுங்கினார்களோ, ஒலியை மூடினார்களோ, பிளாஸ்டிக் கட்டைகள் டக்டக்கென்று அடித்துக்கொள்வது மட்டும் எனக்குக் கேட்டது. அடுத்து ஸ்பீக்கரிலிருந்து முதல் பக்கம் மிதந்து வந்தது, மெதுவாக, இனிமையாக. கோரமங்களாவில் நான் வாசித்தது. நான் இங்கே உயிரைக் கொடுத்துக் கட்டைகளை அடித்துக்கொண்டிருக்கிறேன். சபை அங்கே என் பழைய வாசிப்பைக் கேட்டு உச்சுக்கொட்டிக்கொண்டிருக்கிறது.

இரண்டு கைகளையும் தூக்கி எல்லோருக்கும் தெரிகிற மாதிரி உயர்த்திக் காட்டினேன். பாட்டு ஓடிக்கொண்டே இருந்தது. சிலர் சிரித்தார்கள். சிலர், அதுவும் நிகழ்ச்சியில் ஒரு பகுதி என்று நினைத்தோ என்னவோ, கைதட்டினார்கள். எழுந்து போய்த் தம்பியின் முழங்கையைப் பிடித்துப் பின்பக்கப் படி வழியாக இறக்கிக் கூட்டிவந்தேன்.

கீழே வந்ததும் அவன் பேட்டாவைக் கழற்றினான். முகமெல்லாம் வேர்வை. "ஏன்க்கா பாதில நிறுத்திட்ட? நல்லாத்தான வாசிச்ச."

"நான் நிறுத்தலடா. ஆஃப் பண்ணிட்டானுங்க."

"அப்ப ஓடினது?"

"ரெக்கார்டு."

சின்ன வயதில் தெருவில் யாராவது என்னைக் கிண்டல் செய்தால் அவனுக்குக் கழுத்து சிவக்கும். இப்போதும் சிவந்தது. காலை இழுத்துக்கொண்டு நேராக இசையமைப்பாளர் நின்ற இடத்துக்குப் போனான்.

"எங்க அக்கா வாசிச்சத ஆஃப் பண்ணது யாரு?"

"சார், சின்ன டெக்னிக்கல் ப்ராப்ளம்..."

"யாருன்னு கேட்டேன்."

"சார், ஃபங்ஷன் சார், டிவி லைவ் போகுது. மேடம் திடீர்னு வேற ஏதோ வாசிச்சா நாங்க என்ன பண்றது? அது ரொம்ப..."

"ரொம்ப என்னா?"

அவருக்குப் பதிலாக நான் சொன்னேன். "வயலன்டா இருக்கு. அதானே? சொல்லுங்க. அவன் கத்தினா தாங்க முடியல, நான் வாசிச்சா தாங்க முடியல. இவன் ஃபுட்பாலப் பத்திப் பேச வந்தான், அதுகூட உங்களால தாங்க முடியல. பின்ன எதுக்குய்யா போரப் பத்திப் படம் எடுக்கறீங்க?"

"நானும் மரியாதையாத்தான் மேடம் பண்ணேன்," என்றார். அவர் அதை நம்பித்தான் சொன்னார் என்பது எனக்கு இன்னும் கோபமூட்டியது. தம்பி சால்வையை மடித்தான்; ராணுவத்தில் மடிக்கிற மாதிரி, ஓரத்தோடு ஓரம் பொருத்தி. பேட்டாவையும் பழக்கூடையையும் அதையும் ஒரு நாற்காலியில் வைத்துவிட்டு, "வாக்கா," என்றான். சாப்பிடாமல் வந்துவிட்டோம். வாசலில் ஆட்டோக்காரர் மீட்டர் போட மறுத்தார். அவரிடமும் சண்டை போட்டேன்.

மறுநாள் அந்த வீடியோ எல்லா ஃபோன்களிலும் ஓடியது. நான் கைகளை உயர்த்திய இடத்தை வெட்டிவிட்டார்கள். தம்பி வாயைத் திறந்து நிற்கிறான், நான் குனிந்து வாசிக்கிறேன், பின்னால் முதல் பக்கம் ஓடுகிறது. பார்ப்பதற்கு உருக்கமாகத்தான் இருந்தது. என்னிடம் படிக்கும் பிள்ளைகளின் அம்மாக்கள் கைகூப்பும் படங்களாக அனுப்பிக்கொண்டே இருந்தார்கள். "மேடம், என் பையனுக்கும் அந்த ஆர்மி பாட்டக் கத்துக்கொடுங்க," என்று நான்கைந்து பேர் கேட்டார்கள். முழுசாகக் கற்றுக்கொள்வதானால் சொல்லித்தருகிறேன், பாதி சொல்லித்தர மாட்டேன் என்றேன். ஒரு அம்மா வேறு டீச்சர் பார்த்துக்கொண்டார்.

படத்திலிருந்து என் பெயரை எடுத்துவிடச் சொல்லி எழுதினேன். இனிமேல் மாற்ற முடியாது என்று ஒரே வரியில் பதில் வந்தது. ஃபோனில் பார்க்கிற படத்திலும் என் பெயர் அப்படியே இருக்கிறது, ஒரு எழுத்துப் பிழையோடு. தர்மபுரியில் அந்த அம்மா டிவியில் பார்த்தார்களாம். "எம் புள்ள ஃபுட்பால் ஆடறதச் சொல்ல வந்த, ஏன்டா அதுக்குள்ள பாட்டப் போட்டுட்டாங்க?" என்று தம்பியிடம் கேட்டார்களாம். அன்று மத்தியானம் அவன் ஒரு மணி நேரம் அவர்களோடு பேசினான். ஃபுட்பாலைப் பற்றித்தான்.

மழைக்காலம் தொடங்கிய பிறகு, லீவு போட்டுவிட்டு ஒருநாள் என் வீட்டுக்கு வந்தான். பியானோ பக்கத்தில், இடது காது அதை ஒட்டி இருக்கும்படி, உட்கார்ந்தான்.

"அத வாசிக்கா."

முழுசாக வாசிக்க ஆரம்பித்தேன். நடுப்பகுதிக்கு வந்தபோது அவன் கையை நீட்டி என் மணிக்கட்டின் மேல் வைத்தான்.

"இது வேணாம்க்கா. மொத பக்கம் மட்டும் போதும்."

மேடையில் ஒயரைப் பிடுங்கியவர்கள் கேட்டதும் இதைத்தான். ஆனால் கேட்டவன் இவன். திரும்ப முதலிலிருந்து ஆரம்பித்தேன். "இன்னும் கொஞ்சம் மெதுவா," என்றான். மெதுவாக வாசித்தேன். அவன் தலையைப் பலகையில் சாய்த்துக்கொண்டான். வெளியே அல்சூர் ஏரிப் பக்கமிருந்து பஸ் சத்தம் வந்துகொண்டிருந்தது. அவன் போதும் என்று சொல்லும்வரை அந்த ஒரு பக்கத்தையே வாசித்தேன். வாசிக்கும்போதெல்லாம் அந்த இசையமைப்பாளரையும் தொகுப்பாளினியையும் முன் வரிசையில் தோளில் சாய்ந்துகொண்ட அந்தப் பெண்ணையும் மனதுக்குள் திட்டிக்கொண்டேதான் இருந்தேன். இன்னும் திட்டுகிறேன்.